அழாத வரைக்கும்

தாழ்ப்பாளில் கை வைத்தபடி கயல்விழி நின்றுகொண்டிருந்தாள். வெளியே பால்காரர் இரண்டாம் முறையாக ஹாரன் அடித்தார். உள் அறைக் கட்டிலில் அம்மா இறந்து ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகியிருந்தது.

"பாலுமா."

"இன்னைக்கு வேணாங்க" என்றாள், கதவைத் திறக்காமலே.

"மலையில வாசிக்கப் போறீங்களாமே. ஊரே பேசிகினு கீது. நல்லா வாசிங்கமா. பங்காரம்மாவக் கேட்டேன்னு சொல்லுங்க."

"ஆங், சொல்றேன்."

வண்டி போய்விட்டது. தாழ்ப்பாளிலிருந்து கையை எடுத்துப் பார்த்தாள். விரல்களில் கொஞ்சமும் நடுக்கம் இல்லை. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது.

அம்மா மூன்று நாளைக்கு முன்பே எல்லாவற்றையும் சொல்லி வைத்திருந்தாள். இரவுக் கஞ்சி குடித்து வாயைத் துடைத்துக்கொண்டே, கடையில் என்ன வாங்கி வர வேண்டும் என்று சொல்கிற குரலில் சொன்னாள்.

"கிருத்திகைக்குள்ள எனக்கு இன்னா ஆனாலும் நீ வாயத் தொறக்கக் கூடாது. கதவப் பூட்டிகினு மலைக்குப் போ. வாசி. எறங்கி வந்து அப்புறமா அழுதுக்கோ."

"இன்னா பேச்சுமா இது?"

"அழுதா தான் சாவு. அழாத வரைக்கும் ஊட்ல யாரும் சாவல. தீட்டும் கெடையாது."

இது அம்மா பங்காரம்மாள் தானாகப் போட்ட சட்டம் இல்லை. கல்யாணப் பந்தல் போட்ட வீட்டில் பெரியவர் யாராவது கண்ணை மூடிவிட்டால், தாலி ஏறும் வரை போர்வையைக் கழுத்துவரை இழுத்துவிட்டு 'தூங்குறாரு' என்று சொல்லிவிடுவது அவர்கள் சாதிசனத்தில் நடக்கிற காரியம்தான். முதல் அழுகை தெருவில் விழுந்த நேரத்திலிருந்தே தீட்டு. அதுவரை செத்தவரும் கல்யாணத்துக்கு வந்த உறவுக்காரரில் ஒருவர். பந்தியில் அவருக்கும் சேர்த்தே இலை போடுவார்கள்.

கயல்விழி உள் அறைக்குத் திரும்பிப் போனாள். அம்மா சுவர்ப் பக்கம் முகத்தை வைத்து ஒருக்களித்துக் கிடந்தாள். வலது கை கட்டிலுக்கு வெளியே தொங்கியது. கரண்டி கீழே விழுந்து கிடந்தது. எவர்சில்வர் டம்ளர் மட்டும் தலைமாட்டு ஸ்டூலில் அப்படியே இருந்தது.

அந்த டம்ளரைப் பற்றிச் சொல்லாமல் பங்காரம்மாளைப் பற்றிச் சொல்ல முடியாது. முப்பத்திரண்டு வருடம், விடிகாலை ஐந்து மணிக்கு மகள் வயலினை எடுத்தால், தாய் டம்ளரையும் கரண்டியையும் எடுப்பாள். ஒரு இடம் பிசகினால் டங்கென்று ஒரு தட்டு. இரண்டாம் முறை பிசகினால் இரண்டு தட்டு. மூன்றாம் முறை எழுந்து வந்து பக்கத்தில் நிற்பாள், அவ்வளவுதான். அடித்ததில்லை, திட்டியதில்லை. ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அவள் வந்து நிற்பதே போதுமானதாக இருந்தது. நாற்பத்தொரு வயதுக்காரிக்கும் அதுவே போதுமானதாக இருந்தது.

பங்காரம்மாளுக்கு ஒரு சுரத்தின் பெயர் தெரியாது. திருவாலங்காட்டுக் கரும்புக்கொல்லையில் வளர்ந்த பெண் அவள். "அந்த எடத்துல நாத்து சாஞ்சிகினு கீது, நிமித்து" என்பாள். "மட ஒடச்சிகினு ஓடுது, கட்டு" என்பாள். கயல்விழி நிமிர்த்துவாள், கட்டுவாள். சரியாகிவிடும். அதுதான் கொடுமை, ஒவ்வொரு முறையும் சரியாகிவிடும். ஒரு கல்யாணத்தில் நாதஸ்வரக்காரரிடம் நேராகப் போய் "உன் வாயில கீற ஓலை கீறிகினு கீதுப்பா" என்று சொன்னவள் அவள். அவர் முறைத்துக்கொண்டே சீவாளியைக் கழற்றிப் பார்த்தார். கீறித்தான் இருந்தது. அதிலிருந்து திருத்தணியில் எந்தக் கல்யாண மண்டபத்தில் அவள் நுழைந்தாலும் மேளக்காரர்கள் கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவார்கள்.

அப்படிப்பட்ட காதை வைத்துக்கொண்டு அவள் ஒரு நாள்கூட ஒரு வரி முணுமுணுத்ததில்லை. நாற்று நடும்போது வரிசையில் அத்தனை பெண்களும் பாட, இவள் மட்டும் வாயை இறுக்கி மூடிக்கொண்டு நடுவாளாம். மகளுக்குத் தாலாட்டும் கிடையாது. பங்காரம்மாள் தன் பன்னிரண்டு வயதில் கோயில் திருவிழாவில் ஒரு வயலின் கச்சேரி கேட்டுவிட்டு வந்து, எனக்கும் அது வேண்டும் என்று அவள் கேட்டாளாம். "குடியானவன் ஊட்டுப் பொண்ணு மேடையில ஒக்காரப் போறாளாமா" என்று அவளுடைய நைனா அடிக்கப் புளிய மிலாறை எடுத்தாராம். அன்றைக்கு மூடிய வாய். புருஷன் கண்ணையன் இறந்த அடுத்த வருடம் நிலத்தைக் குத்தகைக்கு விட்டுவிட்டு, ஒன்பது வயது மகளோடு திருத்தணிக்கு வந்து வீடு பிடித்தாள். முதலில் வாங்கிய சாமான் வயலின். அடுப்பு அடுத்த வாரம்தான் வந்தது.

மகளின் கைகளை அவள் காத்த கதையை ஊர் சிரிக்கச் சிரிக்கச் சொல்லும். கயல்விழி காய் நறுக்கியதில்லை, துணி பிழிந்ததில்லை, குடம் தூக்கியதில்லை. மாமா மகன் சூர்யபிரகாஷ் பெண் கேட்டு வந்தபோது, "இது வயலின் கை, உனக்கு சோறாக்கிப் போடாது" என்று சொல்லி அனுப்பிவிட்டாள். அடுத்த அறையில் இருந்த கயல்விழிக்குச் சோறாக்கிப் போட ஆசையாக இருந்ததா என்று யாரும் கேட்கவில்லை. ஆசையாகத்தான் இருந்தது. அன்றைக்கு முழுவதும் வில்லை எடுத்து மூச்சுவிடாமல் வாசித்தாள். டம்ளர் நான்கே முறைதான் ஒலித்தது.

சனிக்கிழமைதோறும் ரயிலில் சென்னைக்குப் போய்ப் பாடம். வயலின் பெட்டி அம்மாவின் மடியில். பன்னிரண்டு வருடத்துக்கு முன்பு ஆசிரியர், "இனி நான் சொல்லித்தர ஒன்றுமில்லை, மேடைக்கு அனுப்புங்கள்" என்றார். திரும்பி வரும் ரயிலில் அம்மா ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே, "அவருக்குக் காது மந்தமாயிடுச்சி" என்றாள். அதோடு பாடம் நின்றது. அதன் பிறகு எந்த மேடையும் வரவில்லை. தன்னை யாரும் கூப்பிடவில்லை என்று கயல்விழி நினைத்துக்கொண்டாள். கூப்பிடும் அளவுக்குத் தன்னிடம் இல்லை என்றும் நினைத்துக்கொண்டாள்.

இன்று காலை தோடியை எடுத்தாள். அம்மாவை ஒருபோதும் திருப்திப்படுத்தாத ராகம். அதன் காந்தார சுரத்தில் விரல் அசைகிற அசைவுக்கு எப்படியும் பத்து தட்டு விழும். இன்று ஒன்றுகூட விழவில்லை. பத்து நிமிடம் போயிற்று, இருபது போயிற்று. கயல்விழிக்கு உள்ளுக்குள் ஒரு திமிர் ஏறியது. வில் தானாகப் போயிற்று. வாழ்க்கையில் முதல் முறையாக அம்மாவுக்குச் சொல்ல எதுவும் இல்லாமல் செய்துவிட்டேன் என்ற நினைப்பில் நாற்பது நிமிடம் வாசித்து முடித்து, முகமெல்லாம் சிரிப்பாகத் திரும்பிப் பார்த்தாள்.

எந்த இடத்தில் அம்மா போனாள்? முதல் பத்து நிமிடத்திலா, கடைசியிலா? எவ்வளவு தூரம் அது அம்மாவின் மௌனம், எங்கிருந்து அது வெறும் மௌனம்? தாழ்ப்பாளைப் பிடித்துக்கொண்டு நின்ற நேரமெல்லாம் அவள் இதையேதான் யோசித்துக்கொண்டிருந்தாள். பெற்றவள் செத்துக் கிடக்க, வாசித்தது சரியா தப்பா என்று யோசிக்கிற மகளாகத் தன்னை ஆக்கிவிட்டாளே என்று ஆத்திரமாக வந்தது.

இருந்தாலும் அம்மா சொன்னபடி செய்யத் தொடங்கினாள். பழக்கம் அப்படி. அம்மாவைத் திருப்பிப் படுக்க வைத்து, கண்ணை மூடி, கால் கட்டைவிரல்களைச் சேர்த்துத் துணியால் கட்டிவிட்டு, போர்வையைக் கழுத்துவரை இழுத்துவிட்டாள். கச்சேரிக்கு மகள் உடுத்த அரக்குப் பட்டுப்புடவை ஏற்கெனவே எடுத்து வைக்கப்பட்டிருந்தது. அதன் மேல் வாசல் பூட்டும் சாவியும் இருந்தன. அம்மா எதையும் மறக்கவில்லை.

ஒன்பது மணிக்குக் கஜபதி சார் வந்தார். மலைக்கோயில் மண்டபத்தில் கிருத்திகைக் கச்சேரி நடத்தும் இசைக்குழுவின் செயலாளர், ஓய்வு பெற்ற கணக்கு வாத்தியார். கயல்விழி கதவை ஒரு சாண் திறந்தாள்.

"கார் நாலு மணிக்கு வந்துடும்மா. அஞ்சு மணிக்கு ஆரம்பம். அம்மா எங்க?"

"தூங்குது சார்."

"தூங்கட்டும், தூங்கட்டும்." அவர் குரலைத் தாழ்த்தினார். "அவங்க முழிச்சினு இருந்தா இத சொல்ல முடியாது. பன்னெண்டு வருஷமா கேட்டுகினு கீறோம்மா நாங்க. இந்த வருஷம் தான் சாமி கண்ணத் தொறந்தாரு."

"எத கேட்டீங்க?"

"இன்னாம்மா, உன் கச்சேரிய தான். ஒவ்வொரு தை மாசமும் வருவேன். இதே வாசப்படி தான். உள்ள நீ வாசிச்சிகினு இருப்ப. 'இன்னும் பதமாவல, போயிட்டு வாங்க'ன்னு அனுப்பிடுவாங்க. உனக்குத் தெரியாதா?"

கயல்விழி கதவைப் பிடித்துக்கொண்டாள். பன்னிரண்டு வருடம். இருபத்தொன்பதிலிருந்து நாற்பத்தொன்று. ஊர் தன்னைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறது, இந்தக் கதவுக்கு அந்தப் பக்கம். உள்ளே போய்ப் போர்வையை இழுத்து, எழுந்திரு என்று அந்த உடம்பை உலுக்க வேண்டும் போலிருந்தது.

"இந்த வருஷம் மட்டும் எப்படி சார் ஒத்துகிச்சு?"

"நானும் அதையே தான் கேட்டேன். 'இப்ப சரியா கீது வாத்தியாரே'ன்னாங்க. 'ஒரு வருஷமா நான் சும்மா பழக்கத்துக்குத் தட்டிகினு கீறேன். நிறுத்திட்டா அவ பயந்துடுவா'ன்னாங்க." கஜபதி சார் சிரித்தார். "உன்கிட்ட சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிகினாங்க. கச்சேரி அன்னைக்கு சொல்லலாம்னு நானா தான் முடிவு பண்ணேன்."

கோபம் அப்படியே இருந்தது. அதன் மேலேயே, எண்ணெய் ஊற்றின மாதிரி, ஒரு பெருமை வந்து படிந்தது. திருத்தணியின் மிகக் கொடுமையான காது ஒரு வருடமாகத் தன் வாசிப்பில் குறை கண்டுபிடிக்க முடியாமல் பொய்த்தட்டு தட்டிக்கொண்டு இருந்திருக்கிறது. இரண்டும் ஒன்றையொன்று கரைக்கவில்லை. இரண்டையும் வைத்துக்கொண்டு நிற்பதற்கு அவளுக்கு ஒரு நிமிடம் பிடித்தது.

"சார், அம்மா காலையிலயே போயிடுச்சு."

அவர் முகம் மாறியது. கதவு இடைவெளி வழியே உள் அறைப் பக்கம் பார்த்தார். தெருவின் இரண்டு பக்கமும் பார்த்தார். மலையிலிருந்து ஒலிபெருக்கிப் பாட்டு கேட்டுக்கொண்டிருந்தது. பிறகு மெல்ல, கயல்விழியின் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"நான் ஒன்னும் காதுல வாங்கலம்மா. நாலு மணிக்கு கார் வரும்."

அவர் கெட்டவர் இல்லை. பன்னிரண்டு வருடம் வாசலில் நின்று கேட்டவர், மண்டபத்தில் உட்கார்ந்து கேட்க ஆசைப்பட்டார். செத்தவளுக்கும் அதே ஆசை. நிற்கிறவளுக்கு அதைவிட அதிகம். ஒரு நாள் வாயை மூடிக்கொண்டால் போதும், முப்பத்திரண்டு வருடக் கடன் தீர்ந்தது மாதிரி ஆகிவிடும்.

ஆனால் இந்த வீட்டில் வாயை மூடி வைத்ததெல்லாம் போதும் என்று கயல்விழிக்குத் தோன்றியது. அம்மா தன் பாட்டை மூடி வைத்தாள். அழைப்பை மூடி வைத்தாள். பாராட்டை மூடி வைத்தாள். இப்போது தன்னையே மூடி வைக்கச் சொல்கிறாள். ஊரே நிமிர்ந்து உட்கார்ந்து மரியாதை கொடுத்த ஒருத்தி, பூட்டின வீட்டில் அநாதையாகக் கிடக்க வேண்டியதில்லை.

"காதுல வாங்கிக்கோங்க சார்" என்றாள்.

இரண்டு கதவுகளையும் சுவரில் இடிக்கிற அளவுக்குத் திறந்தாள். வாசற்படியில் நின்று, "அம்மா போயிடுச்சே" என்று அடிவயிற்றிலிருந்து கூவி அழுதாள். பிறந்ததிலிருந்து அவள் அவ்வளவு உரக்கக் குரல் கொடுத்ததில்லை. எதிர் வீட்டுக் கதவு திறந்தது, அதற்கடுத்த வீட்டுக் கதவு திறந்தது. அந்த நேரத்திலும் அவள் காது, தன் குரல் எந்தச் சுரத்தில் போய் நின்றது என்று பார்த்துக்கொண்டுதான் இருந்தது.

மத்தியானத்துக்குள் உறவெல்லாம் வந்து சேர்ந்துவிட்டது. வாசலில் ஷாமியானா ஏறியது. சூர்யபிரகாஷ் கரும்பு லாரி வைத்து ஓட்டுகிறவன், நாலு பேரை வேலை வாங்கத் தெரிந்தவன். பூ, பாடை, ஐஸ் பெட்டி, சாவு மேளம் எல்லாவற்றையும் அவனே பார்த்துக்கொண்டான். அப்பாவின் தங்கை எல்லம்மாள் அத்தை, கயல்விழியைக் கட்டிப் பிடித்து அழுதுவிட்டு, மூக்கைச் சிந்தியபடி பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள்.

"காலையில ஒரு கொரல் குடுத்தாளாம். அதோட சரி. பெத்த பொண்ணு, ஒரு ஒப்பாரி கெடையாது. அப்படியே அவ ஆயிக்காரி மாதிரி."

கயல்விழியின் காதில் அது விழுந்தது. எழுந்து போய் சூர்யபிரகாஷைத் தேடினாள்.

"பாவா, எத்தன மணிக்கு எடுக்கறீங்க?"

"மூணரைக்கு எடுத்துடலாம் கயலு. லேட்டாக்க வேணாம்."

"நாலரைக்கு எடுங்க. அஞ்சு மணிக்கு முச்சந்தியில எறக்கணும். மேளத்த நிறுத்தச் சொல்லுங்க. நான் வாசிக்கணும்."

அவன் அவளைப் பார்த்தான். பதினெட்டு வருடத்துக்கு முன்பு பெண் கேட்டு வந்து, மறுப்பு வாங்கிக்கொண்டு, செருப்பை மாட்டிக்கொண்டே அவள் வாசித்ததைத் தெருமுனை வரை கேட்டுக்கொண்டு போனவன். இப்போது இரண்டு பிள்ளைகளுக்குத் தகப்பன்.

"எவ்ளோ நேரம்?"

"முக்கா மணி."

"அது திருப்பதி ரோடு கயலு. பஸ்ஸு லாரி எல்லாம் போயிகினு இருக்கும்."

"தெரியும்."

அவன் தாடையைச் சொறிந்தான். "சரி. நம்ம வண்டிய குறுக்கால வுடறேன். எவன் வந்து கேக்கறான்னு பாக்கலாம்."

அத்தை விடவில்லை. "பொணத்து முன்னாடி வெச்ச பெட்டிய அப்புறம் எந்தக் கோயிலுக்குடி எடுத்துகினு போவ? கஜபதி வாத்தியாரு இனிமே உன்ன மலையில ஏத்துவாரா?"

"ஏத்துவாரு அத்த" என்றாள் கயல்விழி. "அடுத்த தை மாசம் வாசப்படியில வந்து கேப்பாரு. இந்த வாட்டி பதில நான் சொல்லிக்கறேன்."

நாலரைக்கு எடுத்தார்கள். பங்காரம்மாளுக்கு அந்த அரக்குப் பட்டைப் போர்த்தியிருந்தார்கள். கயல்விழி நூல் புடவையிலேயே இருந்தாள். முச்சந்தி வரைதான் பெண்கள் வரலாம். அங்கே பாடையை இறக்கித் திசை மாற்றி எடுப்பார்கள், பெண்கள் திரும்பிவிடுவார்கள். வழக்கமாக இரண்டு நிமிட வேலை. சூர்யபிரகாஷின் லாரி சொன்னபடியே ரோட்டின் குறுக்கே நின்றது. அதன் பின்னால் திருப்பதி பஸ் ஒன்று, ஆட்டோக்கள், காவடி கட்டிய வேன் ஒன்று. ஹாரன்கள் கதறின.

தார் ரோட்டில் ஒரு கோணியை விரித்து, அம்மாவின் முகத்துக்கு நேராக அவள் உட்கார்ந்தாள். சுருதிப் பெட்டியை அம்மாவின் தலைமாட்டில் வைத்தாள். வயலினின் தலையை வலது கணுக்கால் மேல் சாய்த்து, தோடியின் முதல் பிடியைப் பிடித்தாள்.

கொஞ்ச நேரம் ஹாரன் சத்தத்தில் அவளுக்கே எதுவும் கேட்கவில்லை. பிறகு ஒவ்வொன்றாக அடங்கின. பஸ்ஸிலிருந்து ஆட்கள் இறங்கி லாரியைச் சுற்றிக்கொண்டு வந்தார்கள், திட்டுவதற்காக வந்தவர்கள் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். கஜபதி சார் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். காந்தாரம் வந்தது. அவள் விரல் அதை அசைத்தது, சரியாக இருந்தது. சரியாக இருக்கிறது என்று அவளே தனக்குச் சொல்லிக்கொண்டாள். யாருடைய தட்டுக்காகவும் தோள் இறுகவில்லை. பங்காரம்மாவின் மகள் வாசிக்கிறாள் என்று கூட்டத்தில் யாரோ யாருக்கோ சொன்னார்கள். அந்தப் பெயரோடு தன்னைச் சேர்த்துச் சொன்னதில் அவளுக்குக் கர்வமாகத்தான் இருந்தது. ஆத்திரம் தீரவில்லை. அதையும் சேர்த்தேதான் வாசித்தாள். மேலே போக வேண்டிய இடத்தில் அம்மா ஒருபோதும் அனுமதிக்காத நீளத்துக்கு நின்றாள், இறங்க மனமில்லாமல் நின்றாள், பிறகு தன் இஷ்டத்துக்கு இறங்கி வந்தாள்.

முடித்தபோது வெயில் மலைக்கு அந்தப் பக்கம் போயிருந்தது. எல்லம்மாள் அத்தை முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டிருந்தாள்.

ஆண்கள் பாடையைத் தோளுக்குத் தூக்கினார்கள். "அடிங்கப்பா, நேரமாவுது" என்று பங்காளிப் பெரியவர் ஒருவர் குரல் கொடுத்தார்.

மேளக்காரர் வீராசாமி அடிக்கவில்லை. பறையை மார்போடு அணைத்து, குச்சியை ஓங்கியபடி, கோணியில் உட்கார்ந்திருந்த கயல்விழியின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். பெரியவர் இரண்டாம் முறை அதட்டினார். வீராசாமி அவர் பக்கம் திரும்பக்கூட இல்லை.

கயல்விழி வில்லை மடியில் வைத்தாள். அவரைப் பார்த்து ஒரு முறை தலையசைத்தாள்.

முதல் அடி விழுந்தது.